சொல்லிவிட்டுச் சாகிற அமலதாஸ்

அமலதாஸ் அண்ணை சாவதற்கு முன்னர் எப்போதும் தாய்க்குப் போன் கோல் எடுத்துச் சொல்லிவிடுவார்.

"அம்மா, வாற வெள்ளி என்னைச் சுடுவாங்கள். ரீவியிலை வரும். ஆரும் படம் அனுப்பினால் பயந்துபோகாதேங்கோ. சுட்டு முடிய நான் எழும்பி, முகம் கழுவி, சாப்பிட்டிட்டு வீட்டை போயிட்டன்."

"சரி தம்பி. விழேக்கை தலை அடிபடாமல் விழு," என்பார் பிலோமினம்மா. அவர் என் பெரியம்மா. அமலதாஸ் அவருடைய ஒரே பிள்ளை. நான் மேர்சி, அண்ணைக்குச் சின்னம்மா மகள். ஊர்காவற்றுறைத் தீவில், சுருவிலுக்கு அங்கால் இருக்கிற எங்கள் கரையின் மீனவர் சங்கத்தில் வேலை செய்கிறேன். பெரியம்மாவுக்குப் போன் பிடித்துக் கொடுப்பதும், மகன் எந்த நாடகத்தில் எந்த மூலையில் நிற்கிறார் என்று தேடிக் காட்டுவதும் என்னுடைய சம்பளமில்லாத வேலைகள்.

அண்ணை பிரான்சில் நடிகர். நடிகர் என்றதும் கார், கறுப்புக் கண்ணாடி என்று யோசிக்க வேண்டாம். கதாநாயகன் துப்பறிந்து களைத்துப்போய் ஒரு கடைக்குள் நுழைந்து சிகரெட் கேட்பான். அதை எடுத்துக் கொடுப்பவர் அமலதாஸ் அண்ணை. கதாநாயகி டாக்சிக்குள் ஏறி அழுவாள். கண்ணாடியில் அவளைப் பார்த்து எங்கே போகவேண்டும் என்று கேட்பவர் அண்ணை. பொலிஸ் கதவை உடைத்துக்கொண்டு வந்தால், கையைத் தூக்கிக்கொண்டு நிற்கிறவர்களில் ஒருவர் அண்ணை. பாகிஸ்தான்காரராக, வங்காளியாக, மொரோக்கோக்காரராக, ஒருமுறை ஏதோ காட்டு வைத்தியராகக்கூட நடித்திருக்கிறார். எங்கள் தீவு ஆளாக நடிக்க மட்டும் அவரை யாரும் கூப்பிட்டதில்லை.

தொடங்கியது ஒரு சாப்பாட்டுக் கடைக் குசினியில். அண்ணை அங்கே கோப்பை கழுவிக்கொண்டிருந்தபோது, படம் எடுக்க வந்தவர்களுடைய ஆள் ஒருவர் வரவில்லையாம். முதலாளி அண்ணையைப் பிடித்து முன்னால் தள்ளிவிட்டார். ஒரு கோப்பையைக் கீழே போட்டு உடைத்துவிட்டு, "நானில்லை" என்று பிரெஞ்சில் சொல்லவேண்டும். அவ்வளவுதான் வேலை. அண்ணை எங்கள் கரையில் தவக்காலப் பாஸ்கா நாடகத்தில் உரோமைச் சேவகனாக நின்று பழகியவர். அங்கே வசனம் சொன்னால் கடலில் கட்டியிருக்கும் வள்ளம்வரை கேட்கவேண்டும். அதே குரலில் "நானில்லை" என்று கத்தினாராம். குசினியே ஆடிப்போய்விட்டது. இயக்குநர் காதைப் பொத்திக்கொண்டு சிரித்துவிட்டு, "உம்முடைய சேட்டுப் பொத்தானுக்கு மட்டும் கேட்கச் சொல்லும்" என்றாராம். அண்ணை அப்படியே சொன்னார். அன்றிலிருந்து பொத்தானுக்குச் சொல்லியே சீவித்துவிட்டார்.

பிறகு நல்ல வேடம் கிடைக்குமென்று பாடுபட்டுப் பிரெஞ்சு படித்தார். மேல்மாடியில் இருந்த ஒரு கிழவிக்குச் சாமான் வாங்கிக் கொடுத்து, கூலியாகப் பாடம் கேட்டார். வெள்ளைக்காரர் மாதிரியே கதைக்கப் பழகினார். அதன்பிறகு போன இடத்தில், "இவ்வளவு வடிவாகக் கதைக்கக் கூடாது, கொஞ்சம் உடைத்துக் கதையும்" என்றார்களாம். இதை எனக்குச் சொல்லும்போது அவர் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. பத்திக்கொண்டுதான் வந்தது.

இனிப் பெரியப்பாவைப் பற்றிச் சொல்லவேண்டும். இல்லாவிட்டால் பெரியம்மாவின் பயம் விளங்காது.

குருசுமுத்துப் பெரியப்பா போர்க்காலத்தில் ஒரு பின்னேரம் வலை விடப் போனவர். ஆளும் வரவில்லை, வள்ளமும் வரவில்லை, ஒரு பலகைத் துண்டுகூட ஒதுங்கவில்லை. அண்ணைக்கு அப்போது மீசை அரும்புகிற வயது. எங்கள் கரையில் ஒருவர் மோசம் போனால் கோயிலில் துக்கமணி அடிப்பார்கள். அடக்கம் முடியும்வரை ஒரு வள்ளமும் கடலில் இறங்காது. பெரியப்பாவுக்கு மணி அடிக்கவில்லை. உடம்பில்லாமல் மணியில்லை என்று கோயில் மூப்பர் சவிரிமுத்தர் சொல்லிவிட்டார். ஆள் திரும்பி வந்தால் அடித்த மணியை என்ன செய்வது என்று கேட்டார். அதிலும் நியாயம் இருந்தது. அந்த நாட்களில் காணாமற்போய்ப் பிறகு வந்து நின்றவர்களும் உண்டு. தேடிக் களைத்த வள்ளங்கள் சில நாட்களில் தொழிலுக்குப் போகத் தொடங்கிவிட்டன.

பெரியம்மா நிறச் சேலையை மாற்றவில்லை. கல்லறைத் திருநாளில் மரித்தவர்களின் பெயர்களை வாசிக்கும்போது, குருசுமுத்து என்ற பெயரை அவர் கொடுத்ததில்லை. யாராவது மெல்லப் பேச்செடுத்தால், "கண்டனீங்களோ?" என்று ஒரே ஒரு கேள்வி கேட்பார். அதோடு வந்தவர்கள் தேத்தண்ணியைக் குடித்துவிட்டுப் போய்விடுவார்கள்.

இப்படிப்பட்ட மனுசிக்கு, அண்ணை ஆற்றில் மிதக்கிற பிணமாக நடித்த ஒரு வீடியோத் துண்டை யாரோ புண்ணியவான் அனுப்பிவைத்தார். உப்பிய முகமும் திறந்த கண்ணுமாக அண்ணை தண்ணீரில் மல்லாந்து கிடந்தார். பெரியம்மா அந்த இடத்திலேயே சுருண்டு விழுந்தார். இதயம் பலவீனமாக இருக்கிறது, இனி ஒரு அதிர்ச்சியைத் தாங்காது என்று ஆஸ்பத்திரியில் சொன்னார்கள். அண்ணை கோலில் குழறி அழுதார்.

"சத்தியமா அம்மா, இனித் தண்ணியிலை சாகமாட்டன். பெட்டியிலையும் கிடக்கமாட்டன். மற்றச் சாவெல்லாம் முதலே சொல்லிப்போட்டுத்தான் சாவன்."

அந்தச் சொல்லை அவர் காப்பாற்றினார். பெட்டியில் படுக்கிற வேடம் வந்தால் மாட்டேன் என்றார். அவருக்கு வேலை பிடித்துக் கொடுக்கிறவள், பிணமாகக் கிடக்கக்கூட நிபந்தனை போடுகிற நடிகரைத் தான் கண்டதில்லை என்று சினந்தாளாம். கத்திக்குத்துப் பட்டார், கூரையிலிருந்து விழுந்தார், நஞ்சு குடித்தார். ஒவ்வொன்றுக்கும் முன்னால் கோல் வந்தது. பெரியம்மாவும் ஒவ்வொரு சாவுக்கும் அந்தோனியாருக்கு ஒரு மெழுகுதிரி கொளுத்திவிட்டுத் தைரியமாகப் படம் பார்த்தார்.

இந்த வருடம் தவக்காலத்தில் ஒருநாள் மதியம், சங்கத் தலைவர் ஜெகதீஸ் அலுவலகத்துக்குள் வந்தார். முகம் வெளிறியிருந்தது. போனை என்முன்னால் நீட்டினார்.

பளபளப்பான பெட்டி. வெள்ளைப் பட்டு விரிப்பு. அதற்குள் அமலதாஸ் அண்ணை கண்மூடிக் கிடந்தார். தலை நரைத்திருந்தது. மீசை வேறு வைத்திருந்தார். கன்னம் ஒட்டிப்போய், வருத்தத்தில் கிடந்து தேய்ந்த ஆள் மாதிரி இருந்தார். கோத்த கைகளில் நீலமணிச் செபமாலை. அதன் சிலுவையை வலைநூலால் கட்டியிருந்தது. அது பெரியப்பா கட்டிய கட்டு. மகன் வெளிநாடு போகும்போது பெரியம்மா கழுத்திலிருந்து கழற்றிக் கொடுத்த செபமாலை அது.

பெட்டியின் பக்கத்தில் மனோகரி அக்கா சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதபடி நின்றார். பக்கத்துத் தீவு இறுப்பிட்டியிலிருந்து போய்ப் பாரிசில் இருப்பவர். அங்கே யார் செத்தாலும் பெட்டியோடு படமெடுத்து ஊருக்கு அனுப்புவது நம்மவர்களின் வழக்கம். வர முடியாதவர்கள் முகமாவது பார்க்கட்டும் என்பதற்காக. மனோகரி அக்கா தங்கைக்கு அனுப்பியிருக்கிறார். தங்கை தீவுகள் முழுவதற்கும் அனுப்பிவிட்டார். படத்தோடு ஒரு சொல்லும் வரவில்லை. ஆனால் எங்கள் கரைக்கு வந்து சேர்வதற்குள் அதற்கு மாரடைப்பு, குளியலறை வழுக்கல், புற்றுநோய் என்று மூன்று காரணம் முளைத்திருந்தது.

"நடிப்பாய் இருக்கும் ஜெகதீஸ் அண்ணை," என்றேன்.

"பெட்டியிலை கிடக்கமாட்டார் எண்டு நீர்தானே சொன்னனீர்?" என்றார் ஜெகதீஸ். "முதலே கோல் வந்ததோ?"

வரவில்லை. இரண்டு கிழமையாக ஒரு கோலும் வரவில்லை. அண்ணையின் இலக்கத்துக்கு அடித்தேன். மணி போனது, எடுக்கவில்லை. மனோகரி அக்காவின் போன் நிறுத்திக் கிடந்தது. திரும்பத் திரும்ப அடித்தேன்.

ஜெகதீஸ் கரைக்குச் சொல்லிவிட்டுத்தான் வந்திருந்தார். பின்னேரத் தொழிலுக்கு இறங்க ஆயத்தமான வள்ளங்களைப் பொடியள் மணலில் இழுத்துவிட்டார்கள். "அங்கை சவிரிமுத்தர் மணியடிக்கச் சேட்டுப் போடுறார்," என்றார். நான் செருப்பையும் மறந்து கோயிலுக்கு ஓடினேன். மணியடித்தால் பெரியம்மா கேட்பார். யாருக்கென்று கேட்பார். யாராவது ஒரு அவசரக்குடுக்கை மதிலுக்கு மேலால் எட்டிச் சொல்லிவிடும். அதோடு ஒன்றல்ல, இரண்டு சாவு.

ஃபாதர் நான் மூச்சிரைக்கச் சொன்னதைக் கேட்டார். "மணியை மறிச்சு வைக்கிறன். ஆனால் கனநேரம் ஏலாது பிள்ளை. நீர் கெதியா விசாரியும்," என்றார். சவிரிமுத்தர் கோயில் வாசலில் கயிற்றுக்குப் பக்கத்தில் கதிரை போட்டு உட்கார்ந்துகொண்டார்.

பெரியம்மா வீட்டுக்குப் போனேன். அவர் குசினியில் கணவாய் துப்புரவாக்கிக்கொண்டிருந்தார். குசினி யன்னலால் பார்த்தால் கரை முழுவதும் தெரியும். நான் யன்னலை மறைத்துக்கொண்டு நின்றேன்.

"என்ன மேர்சி, வேளைக்கே வந்திட்டாய்?"

"சும்மா, பெரியம்மா."

"வள்ளம் ஒண்டும் இறங்கேல்லை. பாத்தனியே?"

நான் மறைத்தது வீண். என்னைவிட அவர் முதலே பார்த்திருக்கிறார்.

"காத்து எச்சரிக்கையாம்," என்றேன்.

பெரியம்மா கையைக் கழுவிவிட்டு என்னை மெல்ல விலக்கி வெளியே பார்த்தார். பங்குனிக் கடல் தட்டையாய்க் கிடந்தது. ஒரு தென்னோலைகூட அசையவில்லை. என் வாழ்க்கையில் நான் சொன்ன பொய்களில் அதைப்போல மோசமான பொய் வேறில்லை.

"ஆரும் மோசம் போயிட்டினமோ?"

"எனக்குத் தெரியாது."

"மணி கேக்கேல்லை. வள்ளம் இழுத்துக் கிடக்கு," என்றார். பிறகு கணவாய்ச் சட்டியை மூடி வைத்தார். "அமலதாஸ் ரெண்டு கிழமையா எடுக்கேல்லை, மேர்சி."

மடியில் செருகியிருந்த போனைப் பிடித்தபடி, அடி, அடி என்று மனதுக்குள் கெஞ்சினேன். படலை திறக்கும் சத்தம்தான் கேட்டது. தலையில் முக்காடிட்ட பெண்கள் வந்துகொண்டிருந்தார்கள். அவர்களுக்குப் பின்னால் ஜெகதீசும், காத்திருந்து பொறுமை போன சவிரிமுத்தரும் வந்தார்கள். முன்னுக்கு வந்தவள் முற்றத்திலேயே, "ஐயோ பிலோமினம்மாக்கா, உங்கடை பிள்ளை..." என்று தொடங்கிவிட்டாள். அவளை அந்த இடத்திலேயே அறையவேண்டும்போல இருந்தது.

பெரியம்மா விழவில்லை. சுவரைப் பிடித்துக்கொண்டு, "காட்டுங்கோ," என்றார்.

"வேண்டாம் பெரியம்மா."

"காட்டு எண்டு சொன்னனான்."

ஜெகதீஸ் போனைக் கொடுத்தார். நான் கதிரையை இழுத்துப் போட்டு, அவரைப் பிடித்து இருத்தி, நாடியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அது கண்டபடி துடித்தது. பெரியம்மா படத்தைக் கண்ணுக்குக் கிட்டக் கொண்டுபோனார். பெண்கள் அழுதார்கள். அவர் அழவில்லை. விரலால் அந்த மீசையைத் தடவினார். தடவத் தடவப் படம் பெரிதாகிப் பெரிதாகி முகம் மட்டும் திரையில் நின்றது.

"இது அவனில்லை," என்றார். "இது அவர்."

"ஆர் பெரியம்மா?"

"உன்ரை பெரியப்பா."

அறிவு குழம்பிவிட்டது என்றுதான் நினைத்தேன். வாகனத்துக்குச் சொல்லுங்கள், ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோவோம் என்று ஜெகதீசைப் பார்த்துக் கத்தினேன். அந்த நேரத்தில் என் மடியில் போன் அடித்தது.

அண்ணை வீடியோவில் வந்தார். எங்கோ ஒரு முற்றத்தில் நின்றார். பின்னால் தடித்த கோட்டுப் போட்ட ஆட்கள் வயர்களைத் தூக்கிக்கொண்டு போனார்கள். அதே நரைத்த தலை, அதே மீசை.

"மேர்சி! இவ்வளவு நேரமும் போனை வாங்கி வைச்சிருந்தவங்கள். இப்பதான் தந்தவங்கள். மனோகரியக்காவும் இதிலை அழுகிற ஆளா நடிச்சவ, தன்னைப் படத்திலை பாக்கட்டும் எண்டு தங்கச்சிக்கு அனுப்பினவவாம். அம்மா எங்கை? அம்மாவுக்குத் தெரியுமோ?"

கூடிநின்ற பெண்கள் "ஐயோ மாதாவே" என்று அலறினார்கள். நான் போனைப் பெரியம்மாவின் முகத்துக்கு நேரே பிடித்தேன். எனக்கு அழுகையும் ஆத்திரமும் ஒன்றாக வந்தன. அண்ணையைக் கண்டபடி ஏசவேண்டும்போல இருந்தது.

"அம்மா, நான்தான் அம்மா! சாகேல்லை! இஞ்சை பாருங்கோ, இது ஒட்டின மீசை," என்று அண்ணை மீசையைப் பிடுங்கப் போனார்.

"கழட்டாதை," என்றார் பெரியம்மா. "அப்பிடியே நில்."

அண்ணை கையை இறக்கினார். தாயும் மகனும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"பெட்டியிலை கிடக்கமாட்டன் எண்டு சத்தியம் பண்ணினனியெல்லே?"

"ஓம் அம்மா."

"பிறகேன் கிடந்தனி?"

"நான் கிடக்கேல்லை அம்மா. அப்பாவைக் கிடத்தினனான்."

பிறகு அவர் சேட்டுப் பொத்தானுக்குச் சொல்லுமாப்போல, மெல்லிய குரலில் சொன்னார். இந்த முறைதான் எங்கள் தீவு ஆள் ஒருவரின் வேடம் வந்ததாம். பாரிசில் செத்துப்போகிற ஒரு கடற்தொழிலாளி. என்ன பெயர் வைக்கலாம் என்று இயக்குநர் இவரையே கேட்டாராம். குருசுமுத்து என்று சொல்லிவிட்டார். முகத்துக்குப் பூசுகிறவளிடம் தகப்பனின் அடையாள அட்டைப் படத்தைக் கொடுத்து, இன்றைக்கு இருந்தால் எப்படி இருப்பாரோ அப்படி ஆக்கச் சொல்லியிருக்கிறார்.

"அப்பாவுக்கும் ஒரு பெட்டி வரட்டும் எண்டு நினைச்சன். உங்களுக்குச் சொல்லப் பயம். போனை எடுக்கிறதும் வைக்கிறதுமா இருந்தனான்."

"அழுதவையோ?" என்று கேட்டார் பெரியம்மா.

"ஓம். அழச் சொன்னது கொஞ்சம்தான். அவையள் நிப்பாட்டேல்லை."

"செபம் சொன்னவையோ?"

"தமிழிலை சொன்னவை அம்மா."

பெரியம்மா தலையாட்டினார். பிறகு சவிரிமுத்தரைத் தேடிப் பார்த்தார். கிழவர் பொல்லை ஊன்றிக்கொண்டு முன்னுக்கு வந்தார்.

"மூப்பர், அண்டைக்கு உடம்பு கேட்டனீங்கள்."

"பிலோமினா, இது நடிப்பெல்லே," என்றார் அவர்.

"எனக்குத் தெரியும். இவ்வளவு காலமும் நானும் நடிச்சனான்தானே, அவர் வருவார் எண்டு."

அதன்பிறகுதான் அவர் அழுதார். அப்படி ஒரு அழுகையை நான் அவரிடம் கண்டதில்லை. அண்ணை அங்கே அழுதார். எனக்கு யாரைத் தேற்றுவதென்று தெரியவில்லை, நானும் அழுதேன். சவிரிமுத்தர் படலையைத் திறந்துகொண்டு போனார். ஃபாதரிடம் என்ன கேட்டாரோ, ஃபாதர் என்ன சொன்னாரோ எனக்குத் தெரியாது. சற்று நேரத்தில் துக்கமணி கேட்டது. வள்ளங்கள் ஏற்கனவே கரையில்தான் கிடந்தன. ஜெகதீஸ் தொப்பியைக் கழற்றினார். அங்கே பாரிசில் அண்ணையும் அந்த மணியைக் கேட்டுக்கொண்டு நின்றார்.

மணி ஓய முன்னமே யாரோ ஒருவர் வந்து அண்ணையின் தோளில் தட்டிப் பிரெஞ்சில் ஏதோ சொன்னார். அண்ணையும் பிரெஞ்சில் பதில் சொன்னார். உடைக்காத, வடிவான பிரெஞ்சு. பிறகு தயங்கித் தயங்கித் தாயைப் பார்த்தார்.

"அம்மா, இன்னொருக்கால் பெட்டியிலை படுக்கவேணுமாம். வெளிச்சம் சரிவரேல்லையாம். வேண்டாமெண்டால் சொல்லுங்கோ, நான் மாட்டன் எண்டு சொல்லிப்போட்டு வாறன்."

பெரியம்மா சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்தார்.

"போய்ப் படு மோனை. காலை நீட்டிப் படுக்காதை, அவர் இடது காலைக் கொஞ்சம் மடிச்சுத்தான் படுக்கிறவர்," என்றார். "எழும்பின உடனை எனக்கு ஒரு கோல் எடு."